தயிரில் பிசைந்த மாவு: ஒரு வீட்டுக் கணக்கு

நெய்யூரில் நின்றுகொண்டு நெய்யைக் குறைக்கும்படி சொல்லுவது சற்று வேடிக்கையாகவே தோன்றும். ஊரின் பெயரிலேயே நெய் இருக்கிறது. கூட்டத்திற்கு வந்திருந்தவர்களில் பாதிப்பேர் நெய்தலையே தொழிலாகக் கொண்டவர்கள். ஆயினும் அவ்வூரில் நடைபெற்ற அங்கத்தினர் கூட்டம் ஒன்றில் எழுந்த கேள்விதான் இக்கட்டுரைக்குக் காரணமாயிற்று.

கூட்டம் முடிந்து, கணக்குப் புத்தகங்களைக் கட்டிவைக்கும் சமயம். நெசவாளர் குடும்பத்தைச் சேர்ந்த அம்மாள் ஒருவர் எழுந்து, “ஐயா, சங்கத்துக் கணக்கைப் பார்த்துவிட்டீர்கள். எங்கள் வீட்டுக் கணக்கு ஒன்றையும் பார்த்துச் சொல்ல வேண்டும்” என்றார். அவருடைய கணவர் நாள் முழுவதும் தறியில் அமர்ந்திருப்பவர். எடையைக் குறைக்க வேண்டும், இரத்தத்தில் சர்க்கரை எல்லையைத் தொட்டு நிற்கிறது என்று மருத்துவர் எச்சரித்துவிட்டார். வீட்டிலோ குழந்தைகள் மாலையில் கடை ரொட்டியும் கேக்கும் கேட்கிறார்கள். குழந்தைகள் தின்னும்போது தகப்பனார் மட்டும் பார்த்துக்கொண்டிருப்பதில்லை. வெண்ணெயும் வனஸ்பதியும் இல்லாமல் தயிரிலேயே மாவு பிசைந்து சுடலாம், அதில் கலோரி பாதிதான் என்று யாரோ சொன்னார்களாம். அது மெய்தானா, எப்படிச் செய்வது என்பதே அவர் கேள்வி.

அன்று நம்மால் விடை கூற இயலவில்லை. பிறகு நம் வீட்டில் சில ஞாயிற்றுக்கிழமைகளில் தராசை வைத்துக்கொண்டு செய்து பார்த்தோம். அதன் முடிவை அந்த அம்மாளுக்கும், அவரைப் போன்ற மற்ற அங்கத்தினர்களுக்கும் இங்கே சமர்ப்பிக்கிறோம்.

நெய்யூர், 1838-ஆம் ஆண்டில் தோன்றிய மருத்துவமனையால் பெயர் பெற்ற ஊர். எவரெஸ்டுச் சிகரத்தை நோக்கிச் சென்ற 1922, 1924-ஆம் ஆண்டுக் குழுக்களில் இடம்பெற்ற டாக்டர் ஸாமர்வெல் இங்கே நெடுங்காலம் பணிபுரிந்தார். அந்நாளில் வயிற்றுப் புண்ணால் வாடி வந்தவர் பலருக்கு அவர் அறுவைச் சிகிச்சை செய்தார். இந்நாளில் மருத்துவமனை வாயிலில் நிற்பவர்களைக் கேட்டால், சர்க்கரை, இரத்த அழுத்தம், இருதயம் என்னும் மூன்று சொற்களே அதிகம் காதில் விழும். இந்தியாவில் நீரிழிவு உள்ளவர்கள் சுமார் 10 கோடிப் பேர் என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஆதரவில் நடந்து 2023-இல் வெளியான ஆய்வு கூறுகிறது. ஆகையால் அந்த அம்மாளின் கேள்வி ஒரு வீட்டின் கேள்வி மட்டுமன்று.

வரவு செலவு

முதலில் கணக்கைப் பார்ப்போம். 100 கிராம் கோதுமை மாவிலோ மைதாவிலோ உத்தேசமாக 350 கலோரி உண்டு. சர்க்கரையில் 400. வனஸ்பதி, தேங்காயெண்ணெய் போன்ற கொழுப்புப் பொருள்களில் 900. சாதாரணத் தயிரிலோ 60-தான். தயிரின் எடையில் பெரும் பங்கு தண்ணீராக இருப்பதே இதற்குக் காரணம்.

வழக்கமான இனிப்பு பன்னுக்கு 250 கிராம் மாவு, 75 கிராம் வனஸ்பதி, 50 கிராம் சர்க்கரை என்று வைத்துக்கொள்வோம். மாவில் 875, வனஸ்பதியில் 675, சர்க்கரையில் 200, ஆக 1,750 கலோரி. பத்து உருண்டையாகப் பிடித்தால் ஒன்றுக்கு 175.

தயிர் முறையில் அதே 250 கிராம் மாவுக்கு 875. தண்ணீர் வடித்த 200 கிராம் தயிரில் சுமார் 155. சர்க்கரை 10 கிராமில் 40. எண்ணெய் ஒரு தேக்கரண்டி, அதாவது 5 கிராமில் 45. ஆக 1,115 கலோரி. உருண்டை ஒன்றுக்கு ஏறக்குறைய 112.

பாதி என்று சொன்னது மிகை. மிச்சம் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்று அதிகம். அந்த மிச்சமும் தயிரின் மகிமையால் வந்ததன்று. வனஸ்பதியையும் சர்க்கரையையும் விலக்கியதால் வந்தது. அவற்றை விலக்கியும் பண்டம் கல்லாகிவிடாமல் காப்பதே தயிரின் தொண்டு. இந்த வேறுபாட்டை மறந்து, தயிரையும் ஊற்றி வெண்ணெயையும் சேர்ப்பவர்களுக்கு ஒரு கலோரியும் மிச்சமாகாது. வனஸ்பதியில் உள்ள தீய கொழுப்புக்கு 2022 முதல் நூற்றுக்கு இரண்டு என்று சட்டம் வரம்பு கட்டியிருப்பது நல்லதே. ஆனால் அதனால் கலோரி குறைந்துவிடவில்லை என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

மாவு பொங்கும் விதம்

கள்ளைச் சேர்த்து ஆப்ப மாவைப் பொங்கவைப்பது நம் பக்கத்தில் பழைய வழக்கம். கள்ளில் உள்ள நுண்ணுயிர்கள் மாவின் இனிப்பை உண்டு வாயுவை வெளிவிடுகின்றன. அதற்கு ஓர் இரவு வேண்டும். வட இந்தியாவில் நானுக்கும் பட்டூராவுக்கும் தயிர் சேர்த்துப் பிசைவார்கள். அயர்லாந்து தேசத்துக் குடியானவர்கள் புளித்த மோரும் சோடாவும் சேர்த்து ரொட்டி சுடும் வழக்கம் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே பரவிற்று. ஆதலின் நாம் சொல்லும் முறை புதுமையானதன்று. வறிய வீடுகள் பல தேசங்களில் கண்டறிந்த சிக்கன முறைதான்.

தயிரில் புளிப்பு அமிலம் இருக்கிறது. அதனோடு ஆப்பச்சோடா சேர்ந்த உடனே கரியமில வாயு உண்டாகிறது. அந்த வாயு மாவுக்குள் சிறு சிறு அறைகளாகத் தங்குகிறது. சூடு பட்டதும் விரிந்து மாவைத் தூக்குகிறது. இரவெல்லாம் காத்திருக்க வேண்டியதில்லை.

ஆனால் அளவு தவறக்கூடாது. தயிரிலுள்ள புளிப்பைச் சொத்து என்றும், சோடாவைக் கடன் என்றும் கொள்ளலாம். சொத்துக்குத் தக்கபடியே கடன் கொடுக்க வேண்டும் என்பது சங்க விதி. நன்கு புளித்த 200 கிராம் தயிரில் அமிலம் சுமார் ஒன்றரை கிராம். அது ஏறக்குறைய அதே எடையுள்ள சோடாவைத்தான் செலவழிக்கும். கால் தேக்கரண்டி சோடா ஒன்றேகால் கிராம் அளவுக்கு வரும். அது முழுவதும் மாறினால் மூன்றில் ஒரு லிட்டர் வாயு கிடைக்கும். அதற்கு மேல் போட்ட சோடா வசூலாகாத பாக்கி போல மாவிலேயே நின்றுவிடும். முதல் ஞாயிறன்று நாம் நன்றாகப் பொங்கட்டும் என்று ஒரு தேக்கரண்டி முழுவதையும் போட்டோம். ரொட்டி மஞ்சள் நிறமாகிச் சவுக்காரம்போல் நாறிற்று. வீட்டில் ஒருவரும் இரண்டாவது வாய் எடுக்கவில்லை. மேலும், சோடா மிகுந்தால் மாவிலுள்ள தயாமின் என்னும் உயிர்ச்சத்தும் அழிகிறது.

கால் தேக்கரண்டி சோடா மட்டும் போதாததுபோல் தோன்றினால், அரைத் தேக்கரண்டி பேக்கிங் பவுடர் சேர்க்கலாம். அதற்கு வேண்டிய அமிலம் அதனுள்ளேயே இருப்பதால் தயிரின் புளிப்பை அது எதிர்பார்ப்பதில்லை.

செய்முறை

கோதுமை மாவு 125 கிராம், மைதா 125 கிராம், உப்பு அரைத் தேக்கரண்டி, சர்க்கரை 10 கிராம், சோடா கால் தேக்கரண்டி, பேக்கிங் பவுடர் அரைத் தேக்கரண்டி. இவற்றை ஒன்றாகக் கலந்து இருமுறை சலிக்க வேண்டும். தவிடு சல்லடையில் தங்கினால் எறியாமல் மாவிலேயே திரும்பக் கொட்டுக.

தயிர் 300 கிராம் எடுத்துத் துணியில் கட்டி ஒரு மணி நேரம் தொங்கவிட்டால் 200 கிராம் அளவில் கெட்டியாக நிற்கும். முந்தின நாள் தயிராக, சற்றுப் புளித்ததாக இருத்தல் நலம். பசு வைத்திருக்கும் அங்கத்தினர் வீடுகளில் புளித்துப்போயிற்று என்று கீழே கொட்டும் தயிருக்கு இது நல்ல உபயோகம். பாக்கெட்டுப் பால் வாங்குவோர் கொழுப்பு நூற்றுக்கு 3 பங்கு உள்ள சமன்படுத்திய பாலையோ, ஒன்றரைப் பங்கு உள்ள இருமுறை சமன்படுத்திய பாலையோ உறைய வைக்கலாம். ஆடை நீக்காத எருமைத் தயிரானால் மேலே எழுதிய கணக்கு ஏறிவிடும்.

துணியைப் பற்றி நெசவாளர்களுக்கு ஒரு வார்த்தை. தறியிலிருந்து அறுத்த புதுத் துணியில் பாவுக்கு இட்ட கஞ்சி இருக்கும். அதை அப்படியே கட்டினால் கஞ்சி தயிரில் இறங்கும், தண்ணீரும் வடியாது. மெல்லிய, சாயமேறாத பருத்தித் துணியை வெந்நீரில் இருமுறை அலசிக் கஞ்சியைப் போக்கிய பின்னரே பயன்படுத்த வேண்டும். வடிந்த தெளிநீரைக் கொட்டிவிடலாகாது. மாவு வறண்டால் தெளிக்க அதுவே ஏற்றது.

தயிரையும் ஒரு தேக்கரண்டி எண்ணெயையும் மாவில் விட்டு விரல் நுனியால் சேர்த்து, இரண்டு நிமிஷத்திற்கு மேற்படாமல் பிசைக. சப்பாத்தி மாவைப்போல் அழுத்தி அடித்தால், கொழுப்பில்லாத இம்மாவு ரப்பர்போல் இழுக்கும். சோடா தயிரில் பட்ட கணமே வேலை தொடங்கிவிடுகிறபடியால், பிசைந்த மாவை மூடிவைத்து வேறு வேலைக்குப் போகலாகாது. அடுப்பு முதலில் சூடாகியிருக்க வேண்டும். பிறகே தயிர் மாவில் விழ வேண்டும். இம்முறையில் தவறுகிறவர்கள் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் தவறுகிறார்கள்.

ரொட்டி அடுப்பு இல்லாத வீட்டிலும் இதைச் சுடலாம். கனத்த இரும்புச் சட்டியில் இரண்டு விரற்கடை உயரம் கழுவி உலர்த்திய மணலைப் பரப்பி, மூடி, நடுத்தரத் தீயில் கால் மணி நேரம் காய விடுக. மணல்மேல் ஒரு முக்காலி வளையத்தை வைத்து, எண்ணெய் தடவிய தட்டில் பத்து உருண்டைகளை அடுக்கி, மறுபடி மூடுக. இருபது முதல் இருபத்தைந்து நிமிஷத்தில் வெந்துவிடும். தென்னை ஈர்க்குச்சியைக் குத்தி எடுத்தால் மாவு ஒட்டாமல் வர வேண்டும். அடியைத் தட்டினால் வெற்றொலி கேட்க வேண்டும். மின்சார அடுப்புள்ளவர்கள் 200 டிகிரி சூட்டில் பதினைந்து முதல் பதினெட்டு நிமிஷம் வைக்கலாம். மெல்லிய அலுமினியப் பாத்திரத்தையோ, பிரஷர் குக்கரையோ தண்ணீரின்றிக் காய வைப்பது ஆபத்து; செய்ய வேண்டாம்.

எச்சரிக்கை

கொழுப்புக் குறைந்த பண்டம் சீக்கிரம் விறைத்துவிடும். சுட்ட அன்றே உண்பது நலம். மறுநாள் மிஞ்சினால் தோசைக்கல்லில் மூடிச் சூடாக்கலாம்.

சர்க்கரை நோயுள்ளவர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். கொழுப்புக் குறைந்ததேயன்றி மாவு குறையவில்லை. ஓர் உருண்டையில் மாவுச்சத்தும் சர்க்கரையும் சேர்ந்து இருபது கிராம் அளவுக்கு இருக்கும். இலேசான பண்டம் என்று எண்ணி இரண்டு தின்ன வேண்டிய இடத்தில் நான்கைத் தின்றால், வெண்ணெய் பன்னே மேல் என்று ஆகிவிடும். மேலே ஜாம் தடவினால் மிச்சப்படுத்தியது அங்கேயே செலவாகிவிடும். எத்தனை உண்ணலாம் என்பதை அவரவர் மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுதல் அவசியம்.

இம்முறையைக் கேள்வியுற்ற மகளிர் குழு ஒன்று, சுட்டு விற்பதற்கு முன்வந்து, உறையில் ‘குறைந்த கலோரி’ என்று அச்சடிக்கலாமா என்று நம்மை வினவிற்று. கூடாது என்றோம். உணவுப் பாதுகாப்பு நிறுவனம் 2018-இல் வகுத்த விதியின்படி, 100 கிராம் திடப் பண்டத்தில் 40 கலோரிக்கு மேற்படாதிருந்தால்தான் அவ்வாறு சொல்லலாம். நமது ரொட்டியில் 100 கிராமுக்கு 250-க்கு மேல் இருக்கிறது. வெண்ணெய் பன்னைவிடக் குறைவு என்பது வேறு, குறைந்த கலோரி என்பது வேறு. விற்பதானால் முறைப்படி பதிவு செய்துகொண்டு, சேர்த்த பொருள்களை உள்ளபடி எழுதினாலே போதும். சங்கத்தின் பெயரில் விற்கும் பண்டத்தில் ஒரு பொய் எழுதப்பட்டால், அதைப் பின்பு எந்தத் தணிக்கையாலும் சரிசெய்ய முடியாது.

கேள்வி கேட்ட அம்மாளுக்கு இந்த அளவுகளை ஒரு தாளில் எழுதி அனுப்பினோம். சில வாரங்களுக்குப் பின் சங்கத்திற்குச் சென்றபோது, துணியில் சுற்றிய இரண்டு ரொட்டிகளை நம்முன் வைத்தார். நன்றாகவே இருந்தன. அவருடைய கணவர் ஒன்றை எடுத்துக்கொண்டு, இரண்டாவதைக் குழந்தையிடம் கொடுத்துவிட்டார் என்றும், தராசு இப்பொழுது அடுப்படியிலேயே இருக்கிறது என்றும் சொன்னார். அந்தத் தராசு அங்கேயே இருக்கட்டும். எடையிட்டுச் செய்பவர் வீட்டில் இம்முறை பலன் தரும். கண்ணளவில் செய்பவருக்கு நாம் உறுதி கூற இயலாது. அங்கத்தினர்கள் செய்து பார்த்து, தங்கள் வீட்டுக் கணக்கையும் நமக்கு எழுதுவார்களாக.