குவாய் பாலத்துக் கர்னலும் கணக்கில் வராத நம்மவர்களும்

சில மாதங்களுக்கு முன் நம் சங்கக் கட்டடத்தில் பிள்ளைகளுக்குப் பழைய ஆங்கிலப் படம் ஒன்றைப் போட்டுக் காட்டினோம். 1957-ல் வெளிவந்த 'தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' என்னும் படம். ரயில்வேயில் பாலங்களோடு காலம் கழித்தவன் என்பதால் என்னையே விளக்கம் சொல்லச் சொன்னார்கள். படம் முடிந்ததும் இரண்டு கேள்விகள் வந்தன. "அந்த ஜப்பான் கர்னலாக நடித்தவர் யார், தாத்தா?" என்றாள் ஒரு சிறுமி. "இந்தப் பாதையை வெள்ளைக்காரச் சிப்பாய்கள் மட்டும்தான் போட்டார்களா?" என்று கேட்டான் பத்தாம் வகுப்புப் பையன் ஒருவன். அன்று நேரமில்லை. இங்கே பதில் சொல்கிறேன்.

முதல் கேள்விக்கு விடை

அந்த நடிகரின் பெயர் செஸ்யூ ஹயகாவா. 1886-ல் ஜப்பானில் சிபா மாவட்டத்துக் கடலோரக் கிராமம் ஒன்றில் பிறந்தார். இயற்பெயர் கிந்தாரோ. மகன் கடற்படை அதிகாரியாக வேண்டும் என்பது குடும்பத்தின் ஆசை. ஆனால் கடலில் முக்குளித்தபோது காதில் அடிபட்டு, கடற்படைக் கனவு கலைந்தது. பிறகு அமெரிக்கா போனார். அங்கே மேடை நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்தவரைப் பட முதலாளி தாமஸ் இன்ஸ் கண்டெடுத்தார். 1914-ல் 'தி டைஃபூன்' படம் வந்தது. அதே ஆண்டு, தம்மைப்போலவே ஜப்பானில் பிறந்த நடிகை ட்சுரு அவோக்கியை மணந்தார்.

1915-ல் செசில் பி. டெமில் இயக்கிய 'தி சீட்' அவரை ஒரே நாளில் உச்சிக்குக் கொண்டுபோனது. பணத்தைக் கடன் கொடுத்து, திருப்பித் தர வந்த வெள்ளைக்காரப் பெண்ணின் தோளில் சூட்டுக்கோலால் முத்திரை குத்தும் கொடியவன் வேடம். அது பேசாத பட காலம். மற்றவர்கள் கையைக் காலை ஆட்டி நடித்தபோது, இவர் முகத்தை அசைக்காமல் கண்ணாலேயே நடித்தார். அமெரிக்கப் பெண்கள் கூட்டம் கூட்டமாக வந்து பார்த்தார்கள்.

ஆனால் அங்கே குடியேறியிருந்த ஜப்பானியர்களுக்கு மனம் புண்பட்டது. "நம் இனத்தான் ஒருவனே நம்மைக் கொடியவர்களாகக் காட்டலாமா?" என்று எதிர்ப்புத் தெரிவித்தார்கள். 1918-ல் அந்தப் படம் மறுபடியும் திரைக்கு வந்தபோது, எழுத்து அட்டைகளை மாற்றி அந்தப் பாத்திரத்தைப் பர்மாக்காரன் ஆக்கிவிட்டார்கள்! ஜப்பான் அப்போது நேச நாடு. பர்மாக்காரனுக்காகப் பேச அங்கே யாரும் இல்லை.

இதை உணர்ந்த ஹயகாவா, 1918-ல் 'ஹாவொர்த்' என்ற சொந்தப் படக் கம்பெனியைத் தொடங்கினார். நல்லவராகவும் நடிக்க வேண்டும், தம் நாட்டுக் கதைகளைச் சொல்ல வேண்டும் என்பது அவர் எண்ணம். 1919-ல் தம்பதியர் இருவரும் நடித்த 'தி டிராகன் பெயிண்டர்' அவற்றில் ஒன்று. ஆனால் நாட்டுச் சூழ்நிலை கெட்டுக்கொண்டே போனது. ஜப்பானியர் அமெரிக்கக் குடிமக்கள் ஆக முடியாது என்று 1922-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. அதே ஆண்டு ஹயகாவாவும் ஹாலிவுட்டை விட்டு வெளியேறினார்.

பிறகு ஐரோப்பா, ஜப்பான் என்று அலைச்சல். 1937-ல் ஒரு படத்துக்காகப் பிரான்ஸ் போனவர், உலகப் போர் மூண்டதில் அங்கேயே மாட்டிக்கொண்டார். குடும்பம் ஜப்பானில், இவர் பாரிஸில். வாட்டர் கலர் ஓவியங்கள் வரைந்து விற்றுப் பிழைத்தார். 1949-ல்தான் 'டோக்கியோ ஜோ' மூலம் ஹாலிவுட் மறுபடி அழைத்தது. எழுபது வயதில் கிடைத்தது கர்னல் சைட்டோ வேடம். அதற்குச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் பரிந்துரை கிடைத்தது, பரிசு கிடைக்கவில்லை. படத்துக்கு 7 ஆஸ்கார் விருதுகள். ஜென் பௌத்தத் துறவியாகவும் தீட்சை பெற்ற ஹயகாவா 1973-ல் டோக்கியோவில் காலமானார்.

பிழைக்கப் போன இடத்தில் அவருக்குப் பணம் கிடைத்தது, புகழ் கிடைத்தது. ஆனால் தான் யார் என்பதை அடுத்தவர்தான் தீர்மானித்தார்கள். வெளி மாநிலத்தில் வாழும் நமக்கு இது புரியாத விஷயம் அல்ல.

இரண்டாவது கேள்விக்கு விடை

படத்தில் வரும் மரப்பாலம் தாய்லாந்தில் கட்டியது அன்று. இலங்கையில் கித்துள்கல என்ற ஊரில், களனி ஆற்றின் குறுக்கே படத்துக்காகவே கட்டி, 1957-ல் நிஜ ரயில் ஓடும்போதே வெடிவைத்துத் தகர்த்தார்கள். காஞ்சனபுரியில் உள்ள உண்மையான பாலம் கான்கிரீட் தூண்கள் மேல் நிற்கும் இரும்புப் பாலம். 1943-ல் கட்டியது. பின்னர் நேச நாட்டு விமானங்கள் குண்டு போட்டதில் சில கண்கள் விழுந்தன. பழைய கண்கள் வில்போல வளைந்தவை, போருக்குப் பின் மாற்றியவை நேர்க்கோட்டில் இருக்கும். பார்த்தாலே தெரியும்.

படம் சொல்லும் இன்னொரு செய்தியும் தவறு. ஜப்பானிய பொறியாளர்களுக்குப் பாலம் கட்டத் தெரியாது, ஆங்கிலேயர்தான் சொல்லிக் கொடுத்தார்கள் என்று வருகிறது. உண்மையில் சர்வே, டிசைன் எல்லாம் ஜப்பானியர் செய்தவையே. வேலை அறிவில் குறைவில்லை. குறைவு இருந்தது மனிதனை மனிதனாக நினைப்பதில்.

கடல் வழியில் நேச நாட்டு நீர்மூழ்கிகள் கப்பல்களை மூழ்கடித்ததால், பர்மாவில் இருந்த படைக்குச் சாமான் அனுப்ப ஜப்பானுக்குத் தரைவழி தேவைப்பட்டது. நீளம் 415 கிலோமீட்டர். மீட்டர் கேஜ். நம் பாலக்காடு - பொள்ளாச்சி லைனும், மதுரை - போடி லைனும் அகலப் பாதையாக மாறுவதற்கு முன் இருந்த அதே அளவு. மலை, காடு, மழை, மலேரியா எல்லாம் நிறைந்த வழி. நிதானமாகச் செய்தால் பல ஆண்டு பிடிக்கும் வேலையை 1942 நடுவில் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்தார்கள். அந்த அவசரத்துக்கு விலை மனித உயிர்.

போர்க் கைதிகள் 60,000-க்கு மேல். அவர்களில் 12,000-க்கு மேல் இறந்தார்கள். படம் பேசுவது இவர்களைப் பற்றி. ஆனால் ஆசியத் தொழிலாளர்கள் சுமார் இரண்டு லட்சம் பேர் அங்கே வேலை செய்தார்கள். தமிழர், மலாய்க்காரர், பர்மியர், ஜாவாக்காரர். இறந்தவர்கள் ஏறத்தாழ 90,000 என்பது ஒரு மதிப்பீடு. மலாயா ரப்பர்த் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் இவர்களில் ஒரு பெரிய கூட்டம். போர் வந்து ரப்பர் ஏற்றுமதி நின்றதும் தோட்டத்தில் கூலி இல்லை. "சில மாத வேலை, நல்ல சம்பளம், சாப்பாடு" என்று ஆசை காட்டி அழைத்தார்கள். போனவர் திரும்பவில்லை என்று தெரிந்து மற்றவர் மறுத்தபோது, பிடித்து லாரியில் ஏற்றினார்கள். காலரா, சீதபேதி, காலில் அழுகும் புண். கைதிகளுக்காவது தங்கள் ராணுவ டாக்டர்கள் இருந்தார்கள். கூலிகளுக்குப் பெரும்பாலும் அதுவும் இல்லை. 'சயாம் மரண ரயில்' என்று மலாயாத் தமிழர் இன்றும் சொல்வது இதைத்தான்.

காஞ்சனபுரிப் போர்வீரர் மயானத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள், கைதிகளின் பெயர்களோடு, ஒழுங்காகப் பராமரிக்கப்படுகின்றன. தொழிலாளர்களில் பெரும்பாலோருக்குப் பெயர்ப் பட்டியல்கூட முறையாக இல்லை.

என் தாத்தாவின் தம்பி ஒருவர் மலாயாத் தோட்டத்துக்குப் போனவர். 1941 வரை ஆண்டுக்கு ஒரு கடிதம், சில ரூபாய் மணியார்டர். அதன்பின் ஒன்றும் இல்லை. பாட்டி சாகும்வரை "கொழுந்தனார் வந்துவிடுவார்" என்றே சொல்லிக்கொண்டிருந்தாள். அவர் சயாமுக்குப் போனாரா, தோட்டத்திலேயே இறந்தாரா, எங்களுக்குத் தெரியாது.

கித்துளும் தேயிலையும் சூழ்ந்த மலைநாட்டில் படம் எடுத்தார்கள். சுற்றிலும் தோட்டத் தமிழர்கள். ஆனால் படத்தில் அவர்கள் இல்லை. ஹயகாவாவுக்குத் திரையில் கொடியவன் வேடமாவது கிடைத்தது. நம்மவர்களுக்கு ஒரு வேடமும் கிடைக்கவில்லை.

ஆகவே சங்கக் குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள். மூணாறு, பீர்மேடு, வண்டிப்பெரியார், நெல்லியாம்பதி என்று தோட்டங்களில் பிழைக்க வந்த நம் வீடுகளில், மலாயாவுக்கோ பர்மாவுக்கோ போய்த் திரும்பாத ஒருவராவது இருப்பார். வயதானவர்களிடம் உட்கார்ந்து கேளுங்கள். பெயர், ஊர், போன ஆண்டு, தோட்டத்தின் பெயர், இந்த நான்கையும் ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். பழைய கடித உறை இருந்தால் எறிந்துவிடாதீர்கள்.

அந்தப் பையனுக்கு என் பதில் இதுதான்: வெள்ளைக்காரச் சிப்பாய்கள் மட்டும் போடவில்லை, தம்பி. நம் ஆட்களும் போட்டார்கள். அவர்கள் பெயரை நாம்தான் எழுதவேண்டும்.