ரகர் பயிற்றுவிப்பாளர் ஏறும் படிகள்

கண்டியில் கல்லூரி ரகர் (ரக்பி) அணியைப் பயிற்றுவிக்கும் பலர் முதலில் அந்த நகரத்துப் பாடசாலையொன்றின் சட்டையணிந்து விளையாடியவர்கள். இலங்கையில் 'கல்லூரி' எனப் பெயர் தாங்கிய பல நிறுவனங்கள் பாடசாலைகளே. ரகர் மலைநாட்டுப் பாடசாலைகளில் வேரூன்றியதும் கண்டியிலிருந்துதான். 1891இல் கிங்ஸ்வூட் கல்லூரியை நிறுவிய எல்.ஈ. பிளேஸ், தம் மாணவர்களுக்கு இந்த விளையாட்டை அறிமுகம் செய்தார். 1906இல் போகம்பறை மைதானத்தில் கிங்ஸ்வூட்டும் திரித்துவக் கல்லூரியும் ஆடியதே நாட்டின் முதல் பாடசாலை ரகர் போட்டி.

ஆடி முடித்தவர் பயிற்சிக்குத் திரும்பும்போது பொதுவாகக் கனிஷ்ட அணிதான் கிடைக்கும். அங்கே முதல் பாடம் எதிராளியைப் பிடித்து வீழ்த்துவது. பக்கவாட்டில் நெருங்கி, தலையை ஓடிவருபவரின் பின்புறமாக வைத்து, தோளால் இடுப்புக்குக் கீழே மோதி, இரு கைகளாலும் தொடைகளை இறுகச் சேர்த்துப் பிடிக்க வேண்டும். தலை முன்புறம் போனால் எதிராளியின் முழங்கால் கழுத்தைப் பதம்பார்த்துவிடும். அதனால் சிறுவர்கள் முதலில் முழந்தாளிட்டும், பிறகு நடந்தும், கடைசியாகத்தான் ஓடியும் இதைப் பழகுகிறார்கள்.

கூடவே சான்றிதழும் வேண்டும். உலக ரக்பி அமைப்பின் பயிற்றுவிப்பாளர் கற்கைநெறிகள் முதலாம் நிலையிலிருந்து மூன்றாம் நிலைவரை படிப்படியாக உயர்கின்றன. அடுத்த படி உதவிப் பயிற்றுவிப்பாளர் பதவி. ஒருவர் முன்வரிசை வீரர்களைக் கவனித்தால் இன்னொருவர் பின்வரிசையைக் கவனிப்பார்.

தலைமைப் பயிற்றுவிப்பாளருக்கு வியூகம் முக்கியம். உலக ரக்பியின் 19 வயதுக்குட்பட்டோர் சட்டப்படி ஒரு பாதி 35 நிமிடம். இரு அணிகளின் முன்வரிசை வீரர்களும் பிணைந்து நின்று பந்துக்காகத் தள்ளும் ஸ்க்ரம்மில் எதிரணியை ஒன்றரை மீற்றருக்கு மேல் தள்ளக்கூடாது. ஆகவே பருமனான முன்வரிசை மட்டும் இருந்தால் போதாது, பந்தைச் சட்டென்று வெளியே எடுத்துக் கொடுக்கும் ஸ்க்ரம் ஹாஃபும் தேவை.

திரித்துவக் கல்லூரிப் பயிற்றுவிப்பாளருக்குப் பெரிய சோதனை கொழும்பு றோயல் கல்லூரியுடனான பிரட்பி கேடயம். றோயல் அதிபர் ஈ.எல். பிரட்பி வழங்கிய இக்கேடயத்துக்கான ஆட்டங்கள் 1945இல் தொடங்கின. கண்டியில் ஒன்று, கொழும்பில் ஒன்று என இரண்டு ஆட்டங்களின் மொத்தப் புள்ளிகளே வெற்றியைத் தீர்மானிக்கும். பருவம் முழுக்க வென்றாலும் இதில் தோற்றால் பழைய மாணவர்களுக்குப் பதில் சொல்லியாக வேண்டும். தேர்ந்த வீரர்களோ வயது எல்லையைத் தாண்டி ஆண்டுதோறும் வெளியேறுவார்கள். அந்த இடங்களை நிரப்புபவர்கள் கனிஷ்ட அணியிலிருந்தே வர வேண்டும்.

பாடசாலைக்கு மேலே இருக்கும் படி கழகம். 1874இல் உருவான கண்டி விளையாட்டுக் கழகத்தின் மைதானம் நித்தவெலையில் உள்ளது. கழகம் நாட்டின் லீக் கிண்ணத்தையும் வென்றிருக்கிறது. கிங்ஸ்வூட்டில் படித்து, இலங்கை அணிக்குத் தலைமை தாங்கிய ஃபாசில் மரிஜா, ஆட்டத்திலிருந்து ஓய்வுபெற்ற பிறகு இக்கழகத்தின் பயிற்றுவிப்பாளரானார். கழக வீரர்களுக்கு மோதவும் பிடிக்கவும் ஆரம்பத்திலிருந்து கற்பிக்க வேண்டியதில்லை. அந்த வேலை பல ஆண்டுகளுக்கு முன்பே ஏதோவொரு பாடசாலையின் கனிஷ்ட மைதானத்தில் முடிந்திருக்கும்.