வேண்டுதல்களின் கதை – 9: நெருஞ்சி முள்

பத்து வயதில் நான் ஆயக்காரனாக நடித்தேன். ஞாயிறு பள்ளி ஆண்டு விழா. பரிசேயன் வேஷத்துக்கு ஜரிகை போட்ட அங்கவஸ்திரம் உண்டு, நீளமான வசனம் உண்டு. ஆயக்காரனுக்குக் கோணிச்சாக்கும் ஒற்றை வரியும்தான். ஆனாலும் பையன்கள் எல்லோரும் அந்த வேஷத்துக்குத்தான் அடித்துக்கொண்டோம். கதையில் ஜெயிப்பவன் அவன் என்பது எங்களுக்குத் தெரியும். மார்பில் அடித்துக்கொள்ளும் இடத்தில் நான் போட்ட போடு கடைசி வரிசைவரை கேட்டதாம். சிறந்த நடிப்புக்கான எவர்சில்வர் டம்ளர் எனக்குக் கிடைத்தது. வீட்டுக்கு ஓடிவந்து அம்மாவிடம் காட்டினேன். "தாழ்மைக்கா டம்ளர் குடுத்தாங்க?" என்று கேட்டுவிட்டு அம்மா அடுப்படிக்குப் போய்விட்டார்.

கிறிஸ்தவ ஜெபத்தில் தாழ்மை என்று பேச உட்காரும்போதெல்லாம் எனக்கு அந்த டம்ளர்தான் முதலில் ஞாபகம் வரும்.

கதை லூக்கா நற்செய்தியின் 18ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. ஜெபம் பண்ண இரண்டு பேர் எருசலேம் ஆலயத்துக்குப் போகிறார்கள். ஒருவன் பரிசேயன், மற்றவன் ஆயக்காரன். கத்தோலிக்க மொழிபெயர்ப்பில் அவன் வரிதண்டுபவன். 'ஆயம்' என்பது சுங்கத்துக்கு நம் பழைய சொல். சுங்கம் வாங்குகிறவன் மீது ஊருக்கு என்ன பிரியம் இருக்கும் என்பதைத் தமிழனுக்கு விளக்க வேண்டியதில்லை. முதலாம் குலோத்துங்கனைச் 'சுங்கம் தவிர்த்த சோழன்' என்று இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறோம். யூதேயாவில் நிலைமை இன்னும் மோசம். கி.பி. 6 முதல் அது ரோமின் நேரடி ஆட்சியில் இருந்தது. சுங்கம் வசூலிக்கும் உரிமையைக் குத்தகைக்கு விடுவார்கள். ஒப்புக்கொண்ட தொகைக்கு மேல் பிடுங்குவதெல்லாம் குத்தகைக்காரன் லாபம். ஊர்க்காரனின் மூட்டையைப் பிரித்து அந்நியனுக்காகப் பணம் பிடுங்கும் உள்ளூர்க்காரன் என்று ஆயக்காரனைப் புரிந்துகொள்ளலாம்.

பரிசேயனை நாம் வில்லனாகவே பழகிவிட்டோம். அன்றைக்குக் கேட்டவர்கள் அப்படி நினைத்திருக்கமாட்டார்கள். வேதத்தைக் கருத்தாகக் கற்று, அன்றாட வாழ்வில் அனுசரித்துக் காட்டிய மரியாதைக்குரியவர்கள் பரிசேயர்கள். இவன் பொய்யும் சொல்லவில்லை. வாரத்தில் இரண்டு நாள் உபவாசம், சம்பாத்தியம் அனைத்திலும் தசமபாகம். எந்தச் சபையிலும் இப்படி ஒருவர் கிடைத்தால் கமிட்டியில் போட்டுவிடுவோம்.

கிரேக்க மூலத்தில் பரிசேயனின் ஜெபத்தை எண்ணிப் பார்த்தேன், 29 சொற்கள். 'நான்' என்பதைத் தன்னுள் வைத்திருக்கும் வினைகள் மட்டும் ஐந்து. ஆரம்பம் நன்றி சொல்வதுதான், அதில் குற்றமில்லை. ஆனால் ஜெபம் முழுவதிலும் அவன் கடவுளிடம் எதுவுமே கேட்கவில்லை. அவனுக்கு ஒன்றும் தேவைப்படவில்லை. நடுவில் ஓரக்கண்ணால் பின்வரிசையைப் பார்த்து, இந்த ஆயக்காரனைப் போலவும் நான் இல்லை என்று சேர்த்துக்கொள்கிறான். ஜெபத்தில் கண்ணை மூடச் சொல்கிறார்களே, அதற்கு இந்த ஒரு காரணம் போதும்.

ஆயக்காரனின் ஜெபம் கிரேக்கத்தில் ஆறே சொற்கள். பாவியாகிய தனக்கு இரங்கும்படி கேட்கிறான். வானத்தை ஏறெடுத்துப் பார்க்கவும் துணிவில்லாமல் தூரத்தில் நிற்கிறான். 'இரங்கும்' என்று நாம் எளிதாகச் சொல்லிவிடும் அந்த வினைச்சொல் புதிய ஏற்பாட்டில் இரண்டே இடங்களில்தான் வருகிறது. மற்ற இடம் எபிரெயர் நிருபத்தின் 2ஆம் அதிகாரம். பலியால் பாவம் நீக்கப்படுவதைக் குறிக்கும் சொற்குடும்பம் அது. உடன்படிக்கைப் பெட்டியின் மேல்மூடியைத் தமிழ் வேதாகமம் கிருபாசனம் என்கிறது அல்லவா? அதற்குரிய கிரேக்கச் சொல்லும் இதே வேரில் பிறந்ததுதான். மத்தியக் கிழக்கில் நெடுங்காலம் கற்பித்த கென்னத் பெய்லி போன்ற அறிஞர்கள், ஆலயத்தின் அன்றாடப் பலி நேரத்தில் இந்தக் காட்சி நடப்பதாக வாசிக்கிறார்கள். அங்கே எல்லோருக்குமாக ஆட்டுக்குட்டி பலியாகிறது. இந்தப் பலி எனக்கும் சேருமா என்று பின்வரிசையிலிருந்து ஒருவன் கேட்கிறான். எனக்கு இந்த வாசிப்பு பிடித்திருக்கிறது. தன்னைத் தூற்றிக்கொள்வதைவிட ஒரு விண்ணப்பமாக அது நிற்கிறது.

ஆயக்காரனே நீதிமானாக வீடு திரும்பினான் என்று இயேசு கதையை முடிக்கிறார். சிக்கல் அதற்கு அப்புறம் ஆரம்பிக்கிறது. கேட்டு முடித்தவுடன் மனசு என்ன சொல்லும்? நல்லவேளை, நான் அந்தப் பரிசேயனைப் போல் இல்லை! சொல்லி வாய் மூடுவதற்குள் நாம் முன்வரிசைக்கு வந்துவிடுகிறோம்.

சரித்திரத்தில் இது அப்படியே நடந்திருக்கிறது. 'டிடாக்கே' என்று ஒரு சிறு நூல் உண்டு, ஆதிச் சபைக்கான நடைமுறைக் கையேடு. முதல் நூற்றாண்டின் இறுதியையோ அதை ஒட்டியோ எழுதப்பட்டதாகப் பெரும்பாலோர் கருதுகிறார்கள். அதன் கைப்பிரதி 1873இல் கான்ஸ்டான்டிநோப்பிளில் கிடைத்தது. மாயக்காரர் உபவாசிக்கும் திங்களும் வியாழனும் உங்களுக்கு வேண்டாம், நீங்கள் புதனும் வெள்ளியும் உபவாசியுங்கள் என்று அது அறிவுறுத்துகிறது. ஆக, பரிசேயனின் வாரத்துக்கு இரண்டு அப்படியே இருக்கிறது. கிழமை மட்டும்தான் மாறியிருக்கிறது.

கிழக்குத் திருச்சபைகள் இதை எப்போதோ கவனித்திருக்க வேண்டும். ஆர்த்தடாக்ஸ் நாட்காட்டியில் உயிர்ப்புப் பெருவிழாவுக்குப் பத்து வாரம் முன்பு ஒரு ஞாயிறு, ஆயக்காரனும் பரிசேயனும் என்ற பெயரிலேயே வருகிறது. பெரிய நோன்புக்கு மூன்று வாரமே இருக்கும், ஆயத்தக் காலம் அங்கே தொடங்குகிறது. நோன்புக்கு ஆயத்தமாவது என்றால் கொஞ்சம் கொஞ்சமாகச் சாப்பாட்டைக் குறைப்பது என்றுதான் நாம் நினைப்போம். அந்த வாரத்திலோ வழக்கமான புதன், வெள்ளி உபவாசமும் ரத்து. இறைச்சி சாப்பிடலாம், முட்டை சாப்பிடலாம். வாரத்தில் இரண்டு நாள் உபவாசிக்கிறேன் என்று அந்த ஒரு வாரம் யாராலும் சொல்லிக்கொள்ள முடியாது. முதன்முதலில் இதைப் படித்தபோது சிரித்துவிட்டேன். இவ்வளவு நாசூக்காக ஒரு சபை தன் பக்தர்களின் காலை வாரிவிட்டு நான் பார்த்ததில்லை.

ஆனால் பழைய வழிபாட்டு விதிநூல்களைத் திறந்தால் அதே வாரத்துக்கு இன்னொரு காரணமும் எழுதியிருக்கிறது. ஆர்மீனியர்கள் அந்த வாரத்தில் ஒரு நோன்பு இருப்பார்கள். கேரளத்துச் சுரியானிக் கிறிஸ்தவர்களின் மூன்று நாள் நோன்பும் ஏறக்குறைய அதே நாட்களில்தான் வரும். அந்த ஆர்மீனியர்களைக் கடுமையாகச் சபித்துவிட்டு, அவர்களை மறுக்கும்படி நாம் தினமும் பாலாடைக்கட்டியும் முட்டையும் உண்கிறோம் என்கிறது குறிப்பு. அவர்களைப் போல் நாங்கள் இல்லை என்ற அதே பேச்சு. அதுவும் ஆயக்காரனின் ஞாயிற்றை ஒட்டியே அச்சாகியிருக்கிறது. உபவாசத்தை விட்டதிலும் ஒரு பெருமை முளைத்துவிட்டது.

இந்த வியாதிக்குச் சரியான உவமை சொன்னவர் சினாய் மலை மடத்துத் தலைவர் யோவான் கிளிமாக்குஸ், 7ஆம் நூற்றாண்டுக்காரர். 'கிளிமாக்ஸ்' என்றால் கிரேக்கத்தில் ஏணி. 30 படிகள் கொண்ட ஏணியாகத் துறவு வாழ்க்கையை அவர் எழுதியதால் நூலின் பெயரே அவருக்கும் ஒட்டிக்கொண்டது. அதில் தாழ்மை 25ஆம் படி, ஜெபம் 28ஆம் படி. தாழ்மையைத் தாண்டித்தான் ஜெபத்துக்கு ஏற வேண்டும் என்ற வரிசையைக் கவனியுங்கள். வீண்பெருமையைப் பற்றிச் சொல்லும்போது, உபவாசித்தால் அதில் பெருமை, பிறருக்குத் தெரியக்கூடாதென்று உபவாசத்தை முறித்தால் தன் விவேகத்தில் பெருமை, நல்ல துணி உடுத்தினால் பெருமை, கந்தல் உடுத்தினால் அதிலும் பெருமை, பேசினாலும் பெருமை, பேசாதிருந்தாலும் பெருமை என்று அடுக்கிக்கொண்டே போகிறார். இந்த மூன்று கொம்பு முள்ளை எப்படிப் போட்டாலும் ஒரு முனை மேலே நிற்கும் என்பது அவர் கணக்கு.

அவர் சொல்லும் முள்ளுக்குக் கிரேக்கத்தில் 'திரிபோலோஸ்' என்று பெயர். அந்தச் சொல்தான் லத்தீன் வழியாகத் தாவரவியலுக்குள் 'ட்ரிபுலஸ்' ஆக வந்து, நம் நெருஞ்சிக்கு அறிவியல் பெயராகியிருக்கிறது. செருப்பில்லாமல் கரிசல்காட்டில் நடந்தவர்களுக்கு இந்த உவமைக்குப் பொழிப்புரை வேண்டாம். பார்க்க மஞ்சளாய், சின்னதாய், அழகாய்ப் பூத்துக் கிடக்கும். அதற்குக் கீழேதான் முள் இருக்கும்.

அதே யோவான் ஜெபத்தைப் பற்றி எழுதுகையில், வார்த்தைகளைப் பெருக்காதே, ஆயக்காரனின் ஒரே சொல் கடவுளை இரங்கவைத்தது என்கிறார். இந்த எண்ணம் துறவிகள் நடுவே வளர்ந்தது. இயேசுவின் பெயரைச் சொல்லி அழைத்து, பாவியாகிய எனக்கு இரங்கும் என்று முடிக்கும் ஒரு வரி ஜெபம் நிலைபெற்றது. ஆயக்காரனின் மன்றாட்டு அதில் வெளிப்படையாகக் கேட்கும். முடிச்சுப் போட்ட கம்பளி நூலை உருட்டியபடி, மூச்சோடு மூச்சாக அதைச் சொல்வார்கள். துறவி மடங்கள் நிறைந்த ஆத்தோஸ் மலையில் அது தனிப் பயிற்சியானது. துறவிகளின் எழுத்துகளைத் திரட்டி 1782இல் வெனிஸில் அச்சான 'பிலோகாலியா' தொகுப்பு வழியாக உலகுக்குப் போனது.

அதைச் சாதாரண ஜனங்களிடம் கொண்டுபோனது ஒரு ரஷ்யப் புத்தகம். பெயர் சொல்லாத ஒரு யாத்திரீகன், தோள்பையில் காய்ந்த ரொட்டியோடும் வேதாகமத்தோடும் ஊர் ஊராக நடந்த கதை. 1880களில் காசான் நகரில் அச்சானது. இடைவிடாமல் ஜெபிப்பது எப்படி என்று தேடி அலைந்தவனுக்கு ஒரு முதிய துறவி வழி காட்டுகிறார். நாளுக்கு 3,000 முறை சொல், பிறகு 6,000, அப்புறம் 12,000. எனக்கு இந்த இடத்தில் கொஞ்சம் பயம். எண்ணிக்கை வந்தால் கணக்கு வரும், கணக்கு வந்தால் பரிசேயன் கதவைத் தட்டுவான். யாத்திரீகன் மகிழ்ச்சியாகத்தான் எண்ணுகிறான்.

கதையின் தொடர்ச்சிப் பகுதியில் இதற்கு ஒரு பதில் இருக்கிறது. கியேவ் அருகே ஒரு குருவிடம் பாவசங்கீர்த்தனம் செய்யப் போகிறான். இளமை முதல் செய்த பாவங்களை ஒன்று விடாமல் எழுதி எடுத்துப் போகிறான். குரு வாசித்துவிட்டு, இதில் நிறைய வீண் என்கிறார். ஏற்கெனவே அறிக்கையிட்டது, அடுத்தவர்களைப் பற்றியது, தேவையில்லாத விவரம். எழுதாமல் விட்டதுதான் பெரியது என்று சொல்லி, அவனுக்குக் கடவுள்மேல் அன்பில்லை, அயலான்மேல் அன்பில்லை, விசுவாசம் இல்லை, உள்ளமெல்லாம் பெருமை என்று எடுத்துக்காட்டுகிறார். பாவப் பட்டியலும் ஒரு பட்டியல்தான். பரிசேயன் நன்மைகளை அடுக்கினான், இவன் தீமைகளை அடுக்கினான். இரண்டிலும் அடுக்குகிறவன் ஒருவனே. நம் ஜெபக்கூட்டங்களில் மைக்கைப் பிடித்துக்கொண்டு நான் தூசி, நான் புழு, நான் ஒன்றுமில்லை என்று கால்மணி நேரம் விவரிக்கிறவர்களைக் கேட்கும்போது இந்தக் குருவை நினைத்துக்கொள்வேன். அந்தக் கால்மணி நேரமும் பேச்சு தன்னைப் பற்றித்தானே? (நானும் அப்படி ஜெபித்திருக்கிறேன். டம்ளர் வாங்கியவன் அல்லவா!)

ஆயக்காரனிடம் எனக்கு ஒரு வழக்கு பாக்கி இருக்கிறது. லூக்காவின் அடுத்த அதிகாரத்தில் எரிகோவின் ஆயக்காரர் தலைவன் சகேயு வருகிறான். ஆஸ்தியில் பாதி ஏழைகளுக்கு, ஏமாற்றியதற்கு நாலத்தனை திருப்பித் தருகிறேன் என்கிறான். இவனோ அப்படி ஒன்றும் சொல்லவில்லை. மார்பில் அடித்துக்கொண்டான், வீட்டுக்குப் போனான். மறுநாள் காலை சுங்கச்சாவடிக்குப் போனானா, வேலையை விட்டானா? கதையில் இல்லை. பிடுங்கிய காசு யாருடையது என்று அவனுக்கே தெரிந்திருக்குமா? சந்தைக்குப் போனவர்கள், வழிப்போக்கர்கள், ஒட்டகக்காரர்கள், மறுபடி கண்ணிலேயே படாதவர்கள்.

யூத ரபிகளும் இதை யோசித்திருக்கிறார்கள். ஆயக்காரன் மனந்திரும்புவது கடினம் என்று பாபிலோனியத் தல்மூதின் பாவா காமா பகுதியில் ஒரு பேச்சு வருகிறது. யாரிடம் வாங்கினோம் என்று தெரிந்தால் அவர்களிடம் திருப்பிக் கொடுக்க வேண்டும். தெரியாதவர்களுக்குச் சேரவேண்டியதைப் பொதுக் காரியத்துக்குச் செலவிட வேண்டும். கிணறு வெட்டலாம், தண்ணீர் சேரும் குழியும் குகையும் தோண்டலாம் என்று ரபி ஹிஸ்தா உதாரணம் சொல்கிறார். ஏமாற்றப்பட்டவன் என்றைக்காவது அந்த வழியே வருவான், தண்ணீர் மொண்டு குடிப்பான், யார் வெட்டியது என்று கேட்காமல் ஒட்டகத்தை ஓட்டிக்கொண்டு போய்விடுவான்.

(தொடரும்)