அட்டாரியில் இறங்கிய சரக்கு

பஞ்சாபில் கல்யாணம் நிச்சயமாகும் நாளில் பெண் வீட்டார் மாப்பிள்ளையின் வாயில் உலர்ந்த பேரீச்சம்பழம் ஒன்றை ஊட்டுவார்கள். அங்கே அதற்குச் சுவாரா என்று பெயர். நாம் பொட்டலத்தில் வாங்கும் பிசுபிசுப்பான அரபுப் பழம் வேறு. இது சுருங்கி, கல் போல் இறுகி இருக்கும். பாகிஸ்தானின் சிந்து மாகாணத்துக் கைர்பூரில் பேரீச்சை முழுதாகக் கனியும் நேரத்தில் பருவமழை வந்துவிடும், நனைந்தால் அழுகிப்போகும். அதனால் கனிவதற்கு முன்பே பறித்து, கொப்பரையில் வேகவைத்து, பாயில் பரப்பி வெயிலில் காயவைத்துவிடுகிறார்கள். அப்படிக் காய்ந்த பழத்துக்குப் பெரிய சந்தை இந்தியாதான்.

2019 பிப்ரவரிவரை அந்தப் பழம் கைர்பூரிலிருந்து லாகூர், எல்லையிலுள்ள வாகா, அட்டாரி வழியாக அமிர்தசரஸின் மஜீத் மண்டிக்கு லாரியில் வந்து இறங்கியது. லாகூருக்கும் அமிர்தசரஸுக்கும் இடையே ஐம்பது கிலோமீட்டர்தான். இன்று அந்த வழி இல்லை. இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் இடையிலான வணிகம் குறைந்த கதையைப் பலரும் டாலர் கணக்கில் சொல்கிறார்கள். எந்தச் சரக்கு நின்றது, எது நிற்காமல் வேறு வழி பிடித்தது என்று பார்த்தால் கதை இன்னும் தெளிவாகத் தெரியும்.

பிரிவினைக்கு அடுத்த ஆண்டுகளில் பாகிஸ்தானின் ஏற்றுமதியில் பாதிக்கு மேல் இந்தியாவுக்கே வந்தது. இதில் வியக்க எதுவும் இல்லை. ஒரே பொருளாதாரத்தை நடுவில் கோடு போட்டு வெட்டினால் அதுவரை உள்ளூர் வியாபாரமாக இருந்தது மறுநாள் காலை இறக்குமதி ஆகிவிடும். சணல் இதற்குச் சரியான சாட்சி. சணல் ஆலைகள் ஏறக்குறைய அனைத்தும் கல்கத்தாவைச் சுற்றி ஹூக்ளி ஆற்றங்கரையில் இருந்தன. நல்ல சணல் விளைந்த நிலத்தில் பெரும்பகுதி கிழக்கு வங்காளத்தில் இருந்தது. ஒரு பக்கம் நார் இல்லாத ஆலை, மறுபக்கம் ஆலை இல்லாத நார்.

1949 செப்டம்பரில் பிரிட்டன் ஸ்டெர்லிங்கின் மதிப்பைக் குறைத்தது. இந்தியா தன் ரூபாயையும் குறைத்தது; பாகிஸ்தான் மறுத்தது. அதுவரை நூறுக்கு நூறாக இருந்த கணக்கு மாறி, பாகிஸ்தானின் நூறு ரூபாய்ச் சரக்குக்கு இந்தியா 144 ரூபாய் தர வேண்டும் என்றானது. இந்தியா அந்த விகிதத்தை ஏற்கவில்லை. வணிகம் முடங்கியது. 1951இல் இந்தியா இறங்கிவந்து வணிகம் மறுபடி தொடங்குவதற்குள் இரு பக்கமும் மாறிவிட்டிருந்தது. மேற்கு வங்கம், அசாம், பீகார் வயல்களில் இந்தியா சணல் பயிரிட ஆரம்பித்திருந்தது. நாராயண்கஞ்சில் ஆதம்ஜி சணல் ஆலை எழுந்தது. கதவு திறந்தபோது உள்ளே போக வேண்டிய தேவையே பாதி குறைந்திருந்தது. பின்னால் வந்த ஒவ்வொரு முறிவிலும் இந்தச் சணல் கதையின் சாயலைப் பார்க்கிறேன்.

1965 போரோடு வணிகம் மறுபடி நின்றது. 1974இல் ஓர் உடன்பாட்டின் பேரில் மெல்லத் தொடங்கியது. 1996இல் இந்தியா பாகிஸ்தானுக்கு 'மிகவும் விருப்பமான நாடு' என்ற தகுதியை அளித்தது. பெயரைக் கேட்டால் செல்லப்பிள்ளை போலத் தோன்றும். உண்மையில் மற்ற நாடுகளுக்கு விதிக்கும் அதே வரியை இதற்கும் விதிப்போம் என்பதுதான் பொருள். பாகிஸ்தான் கடைசிவரை அதைத் திருப்பித் தரவில்லை. 2012இல் 1,209 பொருள்கள் தவிர மற்றதெல்லாம் வரலாம் என்று இந்தியச் சரக்குக்கான பட்டியலைத் தளர்த்தியது. ஆனால் அட்டாரி - வாகா சாலை வழியாக இந்தியாவிலிருந்து 137 பொருள்கள் மட்டுமே போகலாம் என்ற கட்டுப்பாட்டை விடவில்லை.

எல்லையில் வேலை நடந்த விதத்தைச் சொல்ல வேண்டும். 2007வரை ஒரு நாட்டு லாரி மறுநாட்டு மண்ணைத் தொடாது. மூட்டை, பெட்டி எல்லாம் எல்லைக்கோடுவரை ஒரு நாட்டுக் கூலித் தொழிலாளி தலையில் வரும்; அங்கிருந்து மறுநாட்டுத் தொழிலாளி தலைக்கு மாறும். கோட்டைத் தாண்டிய கால் கிடையாது, தாண்டிய மூட்டைதான் உண்டு. பிறகு லாரிகளை அனுமதித்தார்கள். 2012 ஏப்ரலில் அட்டாரியில் நூறு ஏக்கருக்கு மேல் பரந்த ஒருங்கிணைந்த சோதனைச் சாவடி திறக்கப்பட்டது. கிடங்கும் எடைமேடையும் வந்தன. ஆயிரத்துக்கு மேற்பட்ட கூலித் தொழிலாளர்கள் அங்கே பிழைத்தார்கள்.

வந்து இறங்கியவை எவை? சிமெண்ட், ஜிப்சம், சோடா சாம்பல், உப்பு, பேரீச்சை, தோல், சியால்கோட்டின் அறுவை சிகிச்சைக் கருவிகள். போனவை பருத்தி, தக்காளி, சோயா புண்ணாக்கு, ரசாயனங்கள், மருந்துகள். இந்தப் பட்டியலில் பாதிக்கு மேல் கனம் அதிகம், விலை குறைவு, அல்லது சீக்கிரம் கெட்டுப்போகும் சரக்கு. சிமெண்ட் மூட்டையை ஆயிரம் மைல் சுமந்தால் விலையைவிட வண்டிக்கூலி பெரிதாகிவிடும். தக்காளி பொறுத்திருக்காது. இவையெல்லாம் பக்கத்து ஊர் என்பதால் மட்டுமே பிறந்த வியாபாரம். அதனால்தான் முதல் அடியும் இவற்றுக்கே விழுந்தது.

2019 பிப்ரவரி 14 அன்று காஷ்மீரில் புல்வாமா தாக்குதல். மறுநாள் இந்தியா 'மிகவும் விருப்பமான நாடு' தகுதியை விலக்கியது. அதற்கும் மறுநாள் பாகிஸ்தானிலிருந்து வரும் எல்லாச் சரக்குக்கும் 200 சதவீத வரி. அதுவரை சிமெண்டுக்கு 7.5 சதவீதம்தான். தடை என்ற சொல் எங்கும் இல்லை. நூறு ரூபாய்ச் சரக்குக்கு இருநூறு ரூபாய் வரி கேட்டால் அந்தச் சொல்லே தேவையில்லை. 2018 மார்ச்சில் 3.46 கோடி டாலராக இருந்த இறக்குமதி, 2019 மார்ச்சில் 28 லட்சம் டாலர் ஆனது. முழு ஆண்டுக் கணக்கில் 2018-19இல் ஏறத்தாழ 49.5 கோடி டாலர்; அடுத்த ஆண்டு 1.4 கோடி. 2019 ஏப்ரலில், காஷ்மீரில் எல்லைக் கட்டுப்பாட்டுக் கோட்டைத் தாண்டி 2008 முதல் நடந்துவந்த பண்டமாற்று வணிகமும் நிறுத்தப்பட்டது. அங்கே காசே கைமாறியதில்லை, சரக்குக்குச் சரக்குதான். ஆகஸ்டில், ஜம்மு காஷ்மீரின் சிறப்புத் தகுதி நீக்கப்பட்டதும் பாகிஸ்தான் தன் பக்கத்து வணிகத்தை நிறுத்தியது.

நிறுத்திய சில வாரங்களிலேயே, செப்டம்பரில், மருந்துக்கும் மருந்து மூலப்பொருளுக்கும் பாகிஸ்தான் விலக்கு அளித்தது. அந்நாட்டு மருந்து ஆலைகளுக்கு இந்திய மூலப்பொருள் இல்லாமல் முடியாது. மருந்து எடை குறைந்தது, விலை உயர்ந்தது. கப்பலிலோ விமானத்திலோ சுற்றி வந்தாலும் கட்டுப்படியாகும். தக்காளிக்கு இந்த யோகம் இல்லை. 2019 நவம்பரில் கராச்சியில் தக்காளி கிலோ இருநூறு ரூபாயைத் தாண்டி ஏறிக்கொண்டிருந்தபோது, பாகிஸ்தான் பிரதமரின் நிதி ஆலோசகர் அப்துல் ஹபீஸ் ஷேக் செய்தியாளர்களிடம் விலை 17 ரூபாய் என்றார். எந்தச் சந்தையில் என்று கேட்டு நாடே சிரித்தது. ஈரானிலிருந்து தக்காளி வந்தது. 2021இல் இந்தியச் சர்க்கரையும் பருத்தியும் வாங்கலாம் என்று பாகிஸ்தானின் பொருளாதார ஒருங்கிணைப்புக் குழு முடிவெடுத்தது. மறுநாளே அமைச்சரவை அதைத் தள்ளிவைத்தது. 2022 வெள்ளத்தின்போது இந்தியக் காய்கறி பற்றி நிதியமைச்சர் வாய்திறந்தார். அதுவும் பேச்சோடு போயிற்று.

தமிழ்நாட்டுக்கு இதில் இரண்டு சின்ன இழைகள் உண்டு. குன்னூர் ஏலத்தில் பாகிஸ்தானுக்கு அனுப்பத் தேயிலை வாங்குவோர் விலை கேட்ட காலம் இருந்தது. இப்போது பாகிஸ்தான் குடிப்பது பெரும்பாலும் கென்யத் தேயிலை. மற்றொன்று நம் சித்த மருத்துவத்தின் இந்துப்பு. ஜீலம் மாவட்டத்துக் கேவ்ரா சுரங்கத்துக் கல்லுப்பு அது. 2019க்கு முன் இந்தியா வாங்கிய பாறை உப்பில் ஏறக்குறைய முழுவதும் பாகிஸ்தானிலிருந்தே வந்தது. வரி ஏறியபின் சுங்கப் பதிவுகளில் ஐக்கிய அரபு அமீரகம் உப்பு விற்கும் நாடாகத் தலைகாட்டியது. துபாயில் இளஞ்சிவப்பு உப்பு வெட்டும் சுரங்கம் ஏதும் தோண்டியதாக நான் கேள்விப்படவில்லை.

இப்படி மூன்றாம் நாட்டில் பெயர் மாற்றிக்கொண்டு வருவது பழைய தந்திரம்தான். எதிர்த்திசையிலும் அதே கதை. துபாய், சிங்கப்பூர், கொழும்பு வழியாகப் பாகிஸ்தான் சேரும் இந்தியச் சரக்கு ஆண்டுக்கு ஆயிரம் கோடி டாலர் வரை இருக்கலாம் என்று டெல்லியின் ஜி.டி.ஆர்.ஐ. ஆய்வு அமைப்பு 2025இல் மதிப்பிட்டது. இதில் சரிபாதியைத் தள்ளிவிட்டுப் பார்த்தாலும் அதிகாரப்பூர்வக் கணக்கைவிடப் பல மடங்கு. இடைத்தரகருக்கும் கப்பல் கம்பெனிக்கும் போகும் காசை இரு நாட்டு நுகர்வோரும் கொடுக்கிறார்கள். எல்லையை மூடியதில் லாபம் பார்த்தவர் யார் என்று கேட்டால் அரசியல்வாதிகளுக்கு முன்னால் நான் துறைமுகக் கிடங்குக்காரரைத்தான் சொல்வேன்.

2024 ஏப்ரல் முதல் 2025 ஜனவரி வரையிலான பத்து மாதங்களில் பாகிஸ்தானிலிருந்து இந்தியாவுக்கு முறையாக வந்த மொத்தச் சரக்கின் மதிப்பு 4.2 லட்சம் டாலர். சென்னையில் ஒரு நல்ல அடுக்குமாடி வீட்டின் விலைக்கு மிஞ்சாது. அதில் இருந்தவை அத்திப்பழம், துளசி இனத்து மூலிகை, கொஞ்சம் உப்பு, சில ரசாயனங்கள். இந்தியா அனுப்பியது அதே காலத்தில் 44 கோடி டாலருக்கு மேல்; அதிலும் முன்னணியில் கரிம ரசாயனமும் மருந்தும்.

அந்த மிச்சமும் 2025இல் போயிற்று. காஷ்மீரின் பஹல்காம் தாக்குதலுக்கு மறுநாள், ஏப்ரல் 23 அன்று, அட்டாரி சாவடி மூடப்பட்டது. மூன்றாம் நாடு வழியாகப் போகும் வணிகம் உட்பட எல்லாவற்றையும் நிறுத்துவதாகப் பாகிஸ்தான் அறிவித்தது. மே 2 அன்று, பாகிஸ்தானில் விளைந்தது, பாகிஸ்தானிலிருந்து புறப்பட்டது எதுவும் நேராகவோ சுற்றியோ வரக்கூடாது என்று இந்தியா ஆணையிட்டது. 2019இல் சொல்லாமல் விட்ட சொல்லை இந்த முறை சொல்லிவிட்டார்கள்.

அடுத்த மாதமே மும்பையை அடுத்த நவ சேவா துறைமுகத்தில் வருவாய்ப் புலனாய்வு இயக்குநரகம் 39 கொள்கலன்களைப் பிடித்தது. சுமார் 1,115 டன் சரக்கு, மதிப்பு ஒன்பது கோடி ரூபாய். ஒரு தொகுதியின் ஆவணத்தில் அமீரகத்துச் சரக்கு என்று எழுதியிருந்தது. கப்பல் தடத்தைத் துருவியபோது கராச்சியில் ஏற்றி, துபாயின் ஜெபல் அலி துறைமுகத்தில் கப்பல் மாற்றி அனுப்பியது தெரிந்தது. உள்ளே இருந்தது உலர்ந்த பேரீச்சம்பழம்.