ஒரு நாவலும் ஒரு கேள்வியும்

கொடுமையைச் சித்திரிப்பது கொடுமையைப் போற்றுவதாகுமா? யப்பானிய எழுத்தாளர் கௌஷுன் தக்காமியின் வாழ்வு இக்கேள்வியைச் சுற்றியே அமைந்தது.

1969 இற் பிறந்த தக்காமி, ஒசாக்காப் பல்கலைக்கழகத்திற் பட்டம் பெற்றார். 1991 முதல் 1996 வரை பத்திரிகைத் தொழில் புரிந்தார். பின்னர் அதனைத் துறந்து 'பற்றில் றோயல்' என்னும் நாவலை எழுதி முடித்தார்.

கற்பனையான சர்வாதிகார அரசொன்று, ஒரே வகுப்பைச் சேர்ந்த மாணவர் 42 பேரைத் தீவொன்றில் விடுகின்றது. ஒருவர் மாத்திரம் எஞ்சும்வரை அவர்கள் ஒருவரையொருவர் கொல்லவேண்டும். இதுவே கதை.

1997 ஆம் ஆண்டுப் போட்டியொன்றில் இறுதிச் சுற்றுவரை சென்ற இந்நாவல், அதன் பொருள் காரணமாக நிராகரிக்கப்பட்டது. எனினும், 1999 இல் நூலுருப் பெற்றதும் பெருந்தொகையாய் விற்பனையாயிற்று. 2000 இல் கின்ஜி ஃபுக்கசாக்கு அதனைத் திரைப்படமாக்கியபோது, பாராளுமன்றத்திலும் கண்டனம் எழுந்தது. தக்காமியோ வேறு நாவல் எதனையும் வெளியிட்டிலர்.

நாவலில் ஒரு காட்சி: கலங்கரை விளக்கத்தில் ஒன்றுகூடி வாழும் தோழியருள் ஒருத்தி, நஞ்சு கலந்த உணவால் இறக்கின்றாள். நஞ்சிட்டவள் யார் என்ற ஐயத்தில் ஏனையோர் ஒருவரையொருவர் சுட்டு மாள்கின்றனர். அங்கே கொலை செய்தது ஆயுதமன்று, அவநம்பிக்கையே. மக்களிடையே அவநம்பிக்கையை விதைத்துவிட்டால், கொடுங்கோலரசுக்கு வேறு படை எதற்கு? கண்டித்தோர் இரத்தத்தைக் கண்டனர். நூல் சுட்டியதோ அதன் ஊற்றுக்கண்ணை.