பிடியும் கோழியும்

சமையலைப் பற்றி எழுதுவது இலக்கியப் பகுதிக்கு அடுக்குமா என்று நண்பர்களிற் சிலர் கேட்கக்கூடும். மதுரைக்காஞ்சியைப் பாடஞ் சொல்லிக் கொடுத்தவர்கள் அவ்வாறு கேட்கமாட்டார்கள். முதல் யாமம் கழிந்த மதுரையை வருணிக்கும் மாங்குடி மருதனார், பூரணம் வைத்துப் பிடித்த மோதகத்தோடு இருந்தபடியே உறங்கிப்போன கூவியரை மறக்காமற் காட்டுகிறார். மாவைக் கைக்குள் அடக்கி உருவாக்குவதற்கு அப்புலவர் ஆண்ட வினை ‘பிடித்தல்’ என்பதே. பிள்ளையாருக்குப் படைக்கும் பிடிக்கொழுக்கட்டையில் நாமும் அதனையே ஆளுகிறோம். மலையாளத்தார் இன்னும் ஒரு படி சுருக்கி, அவ்வாறு செய்த உணவு ஒன்றுக்குப் ‘பிடி’ என்றே பெயரிட்டுவிட்டார்கள். அந்தப் பிடியைப் பற்றியே இன்று எழுத முற்பட்டேன்.

சென்ற மாதம் கனடாவிலிருந்து என் மகள் தொலைபேசியில் அழைத்தாள். சுகம் விசாரித்து முடிந்ததும், “அப்பா, அப்பம்மா செய்யிற பிடிக்கு மா எவ்வளவு, தேங்காய் எவ்வளவு?” என்று கேட்டாள். நான் கணித ஆசிரியனாயிருந்து ஓய்வு பெற்றவன். யாரேனும் அளவு கேட்டால் விடை சொல்லாமல் இருக்க என்னால் முடியாது. ஆயினும் அன்று உடனே நா எழவில்லை. “எழுதி அனுப்புறன் பிள்ளை” என்று சொல்லித் தப்பிக்கொண்டேன். எழுத உட்கார்ந்த பின்னர்தான், அந்தக் கணக்கை அதற்குரிய கதையிலிருந்து பிரித்தெடுப்பது எளிதன்று என்பது தெரிந்தது.

வலிகாமத்தில் எங்கள் வீட்டுக்கு அடுத்த வளவில் 1956ஆம் ஆண்டு ஒரு மலையாள ஆசிரியர் குடும்பம் வந்து குடியேறியது. அக்காலத்தில் யாழ்ப்பாணத்துக் கல்லூரிகள் பலவற்றில் விஞ்ஞானமும் கணிதமும் கற்பித்தவர்களுள் மலையாளிகள் பலர் இருந்தனர். இவர்கள் தொடுபுழைப் பக்கத்தைச் சேர்ந்த சிரியன் கிறிஸ்தவர்கள். ஊரார் அவரை மலையாள மாஸ்ரர் என்றும், அவர் மனைவியை மாஸ்ரரம்மா என்றும் அழைத்தார்கள். மாஸ்ரர் அதிகம் பேசமாட்டார். அவர் மனைவியோ வேலிப்பொட்டுக்கு அருகே நின்று யாரேனும் வரமாட்டார்களா என்று பார்த்துக்கொண்டிருப்பவர். எங்கள் அம்மாவும் அப்படித்தான்.

அவர்களுடைய சமயத்தில் நோன்புகள் கடுமையானவை. உயிர்த்த ஞாயிற்றுக்கு முன் ஐம்பது நாளும், நத்தாருக்கு முன் இருபத்தைந்து நாளும் மச்சம் மாமிசம் தொடமாட்டார்கள். நோன்பு கழிந்த பெருநாளில் உண்பதற்கு உரிய உணவுகளுள் ஒன்று பிடியும் கோழிக்கறியும். ஒரு நத்தார்க் காலையில் அதனை ஒரு கோப்பையில் வாழையிலை மூடி வேலிப்பொட்டுக்குள்ளால் நீட்டினார் மாஸ்ரரம்மா. எங்கள் ஆச்சி அதனை வீட்டுக்குள் எடுக்க விடவில்லை. வேதக்காரர் வீட்டுச் சாப்பாடு, அதிலும் மாமிசம். ஆகவே கோப்பை வேலியோரத்திலேயே நின்றது. பிள்ளைகளாகிய நாங்கள் அங்கேயே குந்தியிருந்து அதனை முடித்தோம். ஆச்சியும் அதனைக் காணாதவர் போலத் திண்ணையிற் பாக்கு இடித்துக்கொண்டிருந்தார். அந்நாளைய ஆசாரத்தில் இவ்வளவுக்கு இடமிருந்தது.

அம்மா சாப்பிடவில்லை. கோப்பையை எட்டிப் பார்த்து, “இது எங்கட ஆடிக்கூழ் உருண்டையெல்லோ” என்றார். அவ்வளவுதான். ஆடிப்பிறப்புக்குக் கூழ் காய்ச்சும்போது பச்சரிசி மாவைச் சிறு உருண்டைகளாக்கிக் கொதிக்கும் கூழில் இடுவது நம் வழக்கம். நமது கூழ் பனங்கட்டியால் இனிப்பது, அவர்களுடையது உப்பும் உள்ளியும் சேர்ந்தது. வேறுபாடு அதுவொன்றே என்று அம்மா முடிவு செய்துகொண்டார். பின்பு வேலிக்கு இப்பாலும் அப்பாலுமாகப் பாடம் தொடங்கியது. ஆசிரியைக்குத் தமிழ் அரைகுறை. மாணவிக்கு மலையாளம் அறவே இல்லை. “வெள்ளம் திளைக்கணும்” என்று மாஸ்ரரம்மா சொன்னபோது, எங்கே வெள்ளம் வந்தது என்று அம்மா வானத்தைப் பார்த்தாராம். தண்ணீர் கொதிக்கவேண்டும் என்பதே அதன் பொருள்.

செய்முறையைச் சற்று விரித்தே சொல்கிறேன். மகளுக்கும் அது வேண்டும்.

பச்சரிசியை மூன்று மணித்தியாலம் ஊறவைத்து, வடித்து, ஈரம் முற்றாக உலருமுன் உரலில் இடித்து அரிக்கவேண்டும். ஒரு கொத்து மாவுக்கு ஒரு முழுத் தேங்காய். திருவிய தேங்காய்ப்பூவை மாவோடு சேர்த்து விரலாற் பிசிறி, அகன்ற பாத்திரத்தில் மெல்லிய நெருப்பில் வறுக்கவேண்டும். இங்கேதான் பொறுமை சோதிக்கப்படுகிறது. ஆவி எழுவது நின்று, மா மணலைப் போலச் சொரியவேண்டும். ஆனால் நிறம் மாறிவிடலாகாது. சிவந்தால் உருண்டை கசக்கும். ஈரம் நின்றால் உருண்டை கரையும். நற்சீரகமும் உள்ளியும் சின்ன வெங்காயமும் அரைத்து, உப்பிட்ட நீரிற் கலந்து, அந்நீர் கொதித்துக்கொண்டிருக்கும்போதே மாவில் ஊற்றி அகப்பைக் காம்பாற் கிளறவேண்டும். ஆறிய நீர் உதவாது. கோதுமை மாவுக்கு நீர் பட்டவுடன் இழுபடும் பசை அரிசி மாவுக்கு இல்லை. கொதிநீர் பட்ட இடத்தில் மா பாதி வெந்து கூழாகி, எஞ்சியதைப் பிணைத்துக்கொள்கிறது. இந்த விளக்கம் நான் பிற்காலத்திற் படித்து அறிந்தது. அம்மாவுக்கு, “சுடச் சுடக் குழைச்சால்தான் சொன்ன சொல் கேக்கும்” என்பதே போதுமாயிருந்தது.

கை பொறுக்கும் சூட்டில் நெல்லிக்காய் அளவாக உருட்டவேண்டும். ஒரு கைப்பிடி மாவை ஒதுக்கி வைக்கவேண்டும். இரண்டாம் பாலும் கப்பிப்பாலும் பானையிற் கொதித்ததும் உருண்டைகளை மெல்ல நழுவ விட்டு, அவை வெந்து இறுகும் வரை அகப்பை போடாதிருக்கவேண்டும். அவசரப்பட்டுக் கிளறிய பானை களியாகிவிடும். வெந்த பின், ஒதுக்கி வைத்த மாவைக் கரைத்து ஊற்றினால் குழம்பு தடிக்கும். கடைசியாக முதற்பால். கோழிக்கறி வேறோர் அடுப்பில், வேறொரு சட்டியில்: வறுத்த தேங்காயும் கொத்தமல்லியும் செத்தல் மிளகாயும் அரைத்துச் சேர்த்த, கறுத்த, காரமான கறி. வெள்ளைப் பிடிமேல் அந்தக் கறியை ஊற்றி உண்பார்கள். முதல்நாள் மாலையிற் செய்து வைத்த பிடியே மறுநாட் காலையில் அதிக ருசி என்பது மாஸ்ரரம்மாவின் கட்சி. அம்மா அதனை ஏற்கவில்லை. அம்மா வீட்டில் அது இரவு தாண்டியதில்லை.

1948ஆம் ஆண்டின் குடிவரவு, குடியகல்வுச் சட்டத்தின் பின்னர் இந்திய ஆசிரியர்கள் தற்காலிக வதிவிட அனுமதியிலேயே இங்கே தங்கவேண்டியிருந்தது. 1960ஆம் ஆண்டுச் சட்டத்தால் உதவி பெறும் பாடசாலைகளிற் பெரும்பாலானவை அரசாங்கத்திடம் சென்றன. அடுத்த ஆண்டு மாஸ்ரருடைய அனுமதி நீடிக்கப்படவில்லை. தலைமன்னார் வழியாகத் தனுஷ்கோடிக்குக் கப்பலேறிப் போனார்கள். அந்தத் துறையும் 1964 டிசம்பர்ப் புயலில் அழிந்தது. போகும்போது மாஸ்ரரம்மா தமது வெண்கல உருளியை வேலிப்பொட்டால் நீட்டினார். இம்முறை ஆச்சி, “உள்ளுக்கு எடுத்து வை” என்றார்.

முப்பத்துநான்கு ஆண்டுகள் அவ்வுருளியில் எங்கள் வீட்டு மா வறுபட்டது. நத்தார்க் காலத்தில் ஒருமுறை, என் பிள்ளைகள் கேட்கும்போதெல்லாம் ஒருமுறை, பிடி. 1995 ஒக்டோபர் 30ஆந் திகதி இரவு வலிகாமமே எழுந்து நடந்தபோது உருளி வீட்டிலேயே நின்றுவிட்டது. திரும்பி வந்தபோது அது அங்கே இருக்கவில்லை.

அந்த இரவைப் பற்றிப் பலர் எழுதியிருக்கிறார்கள். மழையையும், நாவற்குழிப் பாலத்தின் நெரிசலையும் நான் மீண்டும் எழுதப்போவதில்லை. அம்மாவின் கையில் ஒரு பை வறுத்த மா இருந்தது. வறுத்த மா கெட்டுப்போகாது என்று எடுத்துக்கொண்டார். ஒன்பது வயதான என் மகளின் கையில் ஓர் ஓலைப் பெட்டி இருந்தது. அதற்குள் அவளுடைய பேடு, கறுப்பி. குஞ்சாயிருந்தபோது பருந்தின் காலிலிருந்து விழுந்ததை எடுத்து வளர்த்தவள் அவள். ஒரு பக்கச் செட்டை சற்றுத் தொங்கிப்போயிருக்கும்.

கொடிகாமத்துக்கு அப்பால் ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் நாங்கள் பத்தொன்பது பேர் இருந்தோம். எங்கள் குடும்பம் ஐவர், ஏனையோர் வழியிற் சேர்ந்தவர்கள். நான்காம் நாள் கையிருப்பிலிருந்த அரிசி தீர்ந்தது. தென்மராட்சியில் தேங்காய்க்குக் குறைவில்லை. வளவுக்காரர் நான்கு தேங்காய் கொடுத்தார். காய்ச்சலோடு இரண்டு குழந்தைகளும், பிள்ளை பெற்று ஒரு வாரமான பெண்ணொருத்தியும் எங்களோடு இருந்தார்கள். அம்மா என்னைப் பார்த்தார். பின்பு மூலையிலிருந்த ஓலைப் பெட்டியைப் பார்த்தார். ஒன்றும் பேசவில்லை.

பிள்ளைகள் உறங்கிய பின் நான் கறுப்பியை எடுத்துக்கொண்டு பின்புறம் போனேன்.

விடிந்ததும் மகளிடம், “கறுப்பி இரவே பெட்டியைத் தள்ளிக்கொண்டு எங்கட வீட்டை போயிட்டாள். நாங்கள் போகேக்க படலையடியில நிப்பாள்” என்று சொன்னேன். அவள் வெறும் பெட்டியைக் கவிழ்த்துப் பார்த்தாள். சரி என்று தலையாட்டினாள்.

பானை ஒன்றே இருந்தது. ஆகவே இரண்டு அடுப்பு, இரண்டு சட்டி என்ற மாஸ்ரரம்மாவின் முறை அன்று கைவிடப்பட்டது. பேட்டைச் சிறு துண்டுகளாக்கி, உப்பும் மஞ்சளும் மிளகும் இட்டு, இறைச்சி எலும்பை விட்டுக் கழலும் வரை அம்மா அவித்தார். அந்தச் சாற்றிலேயே தேங்காய்ப்பாலை ஊற்றி, அதிலேயே உருண்டைகளை இட்டார். “ஆளுக்கு எத்தினை வரும்?” என்று கணித ஆசிரியனான என்னைக் கேட்டார். நூற்றெழுபத்தொன்று உருண்டைகள், ஆளுக்கு ஒன்பது. இறைச்சியைப் பங்கிட்டால் ஒருவருக்கு ஒரு விரலளவு கூட வந்திராது. ஆனால் அதன் சாறு ஒவ்வோர் உருண்டைக்குள்ளும் ஊறியிருந்தது. பத்தொன்பது பேரும் கோழி உண்டார்கள்.

அமெரிக்காவின் தென்மாநிலங்களில் ‘சிக்கன் அண்ட் டம்ப்ளிங்ஸ்’ என்றோர் உணவு உண்டு என்பதைப் பல ஆண்டுகளின் பின் படித்தேன். முட்டையிட்டு ஓய்ந்த முதிய பேட்டை நெடுநேரம் அவித்து, கோதுமை மாவை மோரும் கொழுப்பும் விட்டுப் பிசைந்து, சிலர் மெல்லிய பட்டைகளாக வெட்டியும், சிலர் கரண்டியால் அள்ளியும் அந்தச் சாற்றிலே இடுகிறார்கள். ஒரே பானை. பெரிய குடும்பத்துக்கு ஒரு கோழி போதாதபோது மாவைக்கொண்டு அதனை நீட்டிக்கொள்ளும் வழி. படித்தபோது, அந்தப் பள்ளிக்கூட முற்றத்து மூன்று கல் அடுப்புத்தான் எனக்குத் தோன்றியது.

மகள் அன்று எங்களோடு உட்காரவில்லை. வயிறு சரியில்லை என்றாள். நானும் வற்புறுத்தவில்லை, வற்புறுத்த எனக்கு முகமில்லை. 1996இல் ஊர் திரும்பியபோது அவள் படலையடியிற் சற்று நின்றாள். பிறகு உள்ளே போய்விட்டாள். கறுப்பியின் பேச்சை அவளும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

எழுதி அனுப்புவதாகச் சொன்ன கடிதம் தாமதமாகவே, சென்ற ஞாயிறு அவள் மறுபடி அழைத்தாள். நான் அளவுகளைச் சொல்லத் தொடங்கினேன். கோழிச் சாறு என்ற இடம் வந்ததும் என் குரல் தடுமாறியிருக்கவேண்டும்.

“அப்பா, எனக்கு அண்டைக்கே தெரியும்” என்றாள்.

அப்பம்மா சொன்னாராம். விடிந்து நான் என் பொய்யைச் சொல்லிவிட்டு விறகு பொறுக்கப் போன பின், அவளை மடியில் இருத்தி, உள்ளதை உள்ளபடி சொன்னாராம். அவள் அழுது முடியும் வரை இருந்துவிட்டு, “அப்பாட்டைக் கேக்காதை, அவனுக்கும் ஏலாமல் கிடக்கு” என்றாராம். பின்பு பிசைந்த மாவில் ஒரு பிடியைக் கிள்ளி அவளிடமே கொடுத்து உருட்டச் செய்து, பானை அடுப்பேறுமுன், ஒரு பால்மாப் பேணியில் தனித் தேங்காய்ப்பாலைக் கொதிக்கவைத்து அவற்றை அவித்தாராம். எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது வகுப்பறைக்குப் பின்னால் இருந்து அவள் அதனை உண்டாள். அதில் கோழி இல்லை.

“ஒன்பது உருண்டைதான் அப்பா. எனக்கும் சரியா ஒன்பது” என்றாள்.

என் கணக்கு அன்று பிழைத்திருக்கிறது. பானையில் இருந்தவை நூற்றறுபத்திரண்டு. அவளுக்கென்று நான் ஒதுக்கிய ஒன்பதை யார் உண்டார்கள் என்று இத்தனை காலமும் நான் எண்ணிப் பார்த்ததில்லை.

அன்றிரவே கடிதத்தை எழுதி முடித்தேன். ஒரு கொத்து மாவுக்கு ஒரு தேங்காய், கொதிநீர், நெல்லிக்காய் அளவு, இறுகும் வரை அகப்பை போடாதே. கோழிக்கறியின் செய்முறையை அவள் கேட்கவில்லை, நானும் எழுதவில்லை.