செத்தவர்கள் எழுந்து வரும் படம்

ஆவடி டாங்க் ஃபேக்டரியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான், வீடு வெள்ளானூரில். யுத்தப் படம் என்றால் என் கண் வண்டிகளைத்தான் முதலில் தேடும். ஆபெல் கான்ஸ் 1919-ல் வெளியிட்ட ‘ஜாக்யூஸ்’ என்ற பிரெஞ்சு மௌனப் படம் மட்டும் என்னை முகங்களைப் பார்க்க வைத்தது.

கவிஞன் ழானுக்கு எடித் மீது காதல். அவளோ முரடன் பிரான்சுவாவின் மனைவி. பகையாளிகளான இருவரும் முதல் உலகப் போரில் ஒரே பதுங்குகுழியில் நண்பர்களாகிறார்கள். பிரான்சுவா சாகிறான், ழானுக்குப் புத்தி பேதலிக்கிறது. போர்க்களத்தில் செத்தவர்கள் எழுந்து, தங்கள் உயிர்த்தியாகத்துக்கு ஊர் தகுதியாக நடந்துகொண்டதா என்று பார்க்க வருவதாகச் சொல்கிறான். அந்தப் பிணங்களாக நடித்தவர்கள் விடுப்பில் வந்த நிஜ சிப்பாய்கள். அவர்களில் பலர் போர்முனைக்குத் திரும்பி மடிந்ததாகக் கான்ஸ் பின்னாளில் சொன்னார். கட்டுப்போட்ட தலைகளோடு அவர்கள் சாலை நிறைய நடந்து வரும்போது எனக்கு மூச்சடைத்தது. போரில் வலது கையை இழந்த கவிஞர் பிளேஸ் சாந்த்ராரும் அந்தக் கூட்டத்தில் உண்டு.

நம்மிடமும் போர்க்காலப் படம் உண்டு: 1945-ல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம் எடுத்த ‘பர்மா ராணி’. கே.எல்.வி. வசந்தா கதாநாயகி, ஜப்பானியர் பிடியிலிருந்த பர்மாதான் களம். அது பிரிட்டிஷ் தரப்புக்கு ஆதரவு திரட்டிய படம், விறுவிறுப்பானதும்கூட. ஆனால் பர்மாவிலிருந்து கால்நடையாகத் தப்பி வந்த நம் ஜனங்களின் கதையைக் கான்ஸைப் போல ஒருவர் அன்றே எடுத்திருக்க வேண்டும் என்று மனம் ஏங்குகிறது.